வாக்குமூலத்தில் கை வைக்காத அப்புக்காத்து

ஒஸ்லோவின் ஹவுகெட்டோ நிலையத்தில் ரயிலுக்கு நின்றபோது சபாநாயகம் ஐயாவின் மகள் தொலைபேசி எடுத்தாள். "அக்கா, அப்பா போயிட்டார். நெஞ்சுநோ எண்டு கொண்டு போனது, அவ்வளவுதான்." அழுதேன். அழுகை அடங்குவதற்குள் எனக்கு வந்த நினைப்பு, அவருடைய புத்தகத்தின் ஏழாம் அத்தியாயம் இனி என்னாகும் என்பது. வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் அப்புக்காத்து சபாநாயகத்தை அறிந்த நீங்கள் என்னை மன்னிப்பீர்கள். அவரோடு நான்கு வருடம் மாரடித்தவளுக்கு வேறென்ன தோன்றும்?

யாழ்ப்பாணத்தில் வழக்கறிஞர், ஒரு தவணை நகரசபை உறுப்பினர். ஒஸ்லோவில் ஹோட்டல் சலவைப் பகுதியில் வேலை செய்து ஓய்வு பெற்றார். ஓய்ந்தாரா என்றால் இல்லை. நூலகத்தில் ஒரு பழைய கடிதத் தொகுப்பைக் கண்டெடுத்தார். அமெரிக்காவின் தென் மாநிலம் ஒன்றில், உள்நாட்டுப் போருக்கு முன்பு, வழக்கறிஞராகவும் சட்டசபை உறுப்பினராகவும் வாழ்ந்த ஒருவருடைய கடிதங்கள். "என்ர தொழில்காரன், பிள்ளை. இவன்ர சீவியத்தைத் தமிழில எழுதப் போறன்" என்றார். எழுதியது அவர். பாமினி எழுத்துருவில் தட்டச்சுச் செய்து மாய்ந்தது நான்.

நான் வேலை செய்யும் பாலர் பாடசாலையில் பிள்ளைகளுக்குக் குளிருடுப்பு மாட்டும் நேரம் பார்த்துத்தான் அழைப்பார். ஒரு கால்புள்ளிக்காக. "ஐயா, பிறகு கதைப்பம்" என்றால், "பிறகு மறந்து போவன், இப்பவே எழுது" என்பார். அந்த அமெரிக்கர் நீதிமன்றத்தில் எழுந்து நிற்கும் அழகைப் பற்றி மட்டும் இரண்டு பக்கம் எழுதியிருந்தார். வெட்டுங்கள் என்றேன். "நீதவான் நித்திரை கொண்டாலும் அப்புக்காத்து நிண்டுதான் கதைக்கோணும்" என்றார். இதெல்லாம் ஒரு பதிலா?

எங்கள் சண்டை ஏழாம் அத்தியாயத்தில் வந்தது. இறந்துபோன எசமான் உயிலில் விடுதலை எழுதிவைத்த ஓர் அடிமைப் பெண்ணுக்காக அந்த வழக்கறிஞர் வாதாடி வெல்கிறார். அதே மாதம் தன் வீட்டுக்கு ஒரு சமையற்காரியை விலைக்கு வாங்குகிறார். வாங்கிவிட்டு, "புதிய வேலையாள் வந்திருக்கிறாள்" என்று தம்பிக்குக் கடிதம் எழுதுகிறார். நான் அதை 'அடிமை' என்று தட்டச்சுச் செய்தேன். ஐயா சிவப்பு மையால் அடித்து 'வேலையாள்' என்று எழுதினார். மூன்று முறை நான் மாற்றினேன், மூன்று முறையும் அவர் அடித்தார். கடைசியில் என் குசினி மேசையில் மோதிக்கொண்டோம்.

"அந்தாள் எழுதினதைத்தான் நாங்கள் எழுதலாம். வாக்குமூலத்தில கை வைக்கப்படாது."

"விலைக்கு வாங்கின மனுசியை வேலையாள் எண்டு எழுத எனக்குக் கை வராது, ஐயா."

"ஏன் வராது? எங்கட வீட்டிலயும் உப்பிடி ஆக்கள் பரம்பரையா நிண்டவை. சோறு குடுத்தனாங்கள், கலியாணம் கட்டி வைச்சனாங்கள். அவையை அடிமை எண்டு ஆர் சொன்னது?"

"எங்கட அப்பப்பா அப்பிடி ஒரு வீட்டில நிண்டவர். பின்வாசலால போய்ச் சிரட்டையில தண்ணி குடிச்சவர். அவரைக் கேட்டனீங்களோ?"

நான்கு வருடமாக என் வீட்டில் சாப்பிட்டவருக்கு அது தெரியாது. தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தார். குளிர் ஜாக்கெட்டின் ஜிப்பை இழுக்க அவருக்கு வெகுநேரம் பிடித்தது. நான் உதவவில்லை. மூன்று வாரம் அழைப்பே இல்லை. முதலில் அவர் வரட்டும் என்று நானும் வீம்பாக இருந்தேன். அந்த மூன்றாவது வாரத்தில்தான் மகளின் அழைப்பு வந்தது.

கிரியைகள் முடிந்தபின் மகள் புத்தகத்தின் தட்டச்சுப் பிரதியைத் தந்தாள். ஏழாம் அத்தியாயத்தில் 'வேலையாள்' அப்படியே சிவப்பில் நின்றது. செத்தும் விட்டுக்கொடுக்கவில்லையே மனிதர் என்று எரிச்சலாக வந்தது. அதன் கீழே, நான் கெஞ்சிக் கெஞ்சிக் கேட்டும் அவர் எழுதித் தராத முன்னுரை இருந்தது. ஒரே பக்கம்.

"இவர் 'வேலையாள்' என்றே எழுதுகிறார். அது அவருடைய வாக்குமூலம், நான் மாற்றவில்லை. எங்கள் வீட்டில் நின்றவர்களை நாங்கள் 'ஆக்கள்' என்றோம். அவர்கள் அடிமைகள். இது என்னுடைய வாக்குமூலம்."

எத்தனை மேடை ஏறிய மனிதர்! இதை என் முகத்துக்கு நேரே சொல்ல வாய் வரவில்லையா? எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை. அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அந்த ஒரு பக்கத்தை. அச்சுக்குப் போகும் பிரதியில் அவர் விட்டபடியே விட்டிருக்கிறேன்: ஏழாம் அத்தியாயத்தில் வேலையாள், முன்னுரையில் அடிமை. முன்னுரையில் ஒருவருடைய பெயரும் இல்லை. ஒரு முறை அழைத்துக் கேட்டிருந்தால், அப்பப்பாவின் பெயரையாவது சொல்லியிருப்பேன்.