புகைக்குப் பயந்து ஓடையில் இறங்கினோம்

அன்று ஓடையில் படுத்திருந்தவர்கள் அப்பா, அம்மா, நான். கூடவே எங்கள் நாய் கருப்பன். தங்கை வசந்தா இல்லை. ஆடுகளைப் பார்த்துக்கொள்ள அவளை மலைமேல் வூட்டிலேயே விட்டுவிட்டு, புளி உலுக்க நாங்கள் ஆலங்காயம் தாண்டி அடிவாரத் தோப்புக்கு இறங்கியிருந்தோம்.

தோப்பை ஒட்டி ரயில் பாதை. விடிந்து சற்று நேரத்தில் ஒரு சரக்கு ரயில் தடம் புரண்டது. பெட்டிமேல் பெட்டி ஏறும் சத்தம், பிறகு தீ. ஏதோ ரசாயனம் என்றார்கள். பெயரை யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. புகை மஞ்சளாக இருந்தது.

"ஓடையில எறங்குங்க! துணிய நனைச்சு மூஞ்சில போடுங்க!" என்று அப்பா கத்தினார். கட்டியிருந்த வேட்டியைக் கிழித்து நனைத்துக் கொடுத்தார்.

காட்டுத்தீ வந்தால் எங்கள் ஊரில் அப்படித்தான் செய்வோம். புகை மேலே போகும். பள்ளத்தில் படுத்தால் தலைக்கு மேலே கடந்துவிடும். இருப்பதிலேயே ஆழமான இடத்தை அப்பா அம்மாவுக்குக் கொடுத்தார்.

இந்தப் புகை மேலே போகவில்லை. தண்ணீர் போலக் கரை வழிந்து ஓடைக்குள் இறங்கியது. சில வாயுக்கள் காற்றைவிடக் கனமானவை என்று நான் படித்திருந்தேன். எங்கள் வூட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான்தான். ஆனால் அந்த நேரத்தில் அது நினைவுக்கு வரவில்லை. அப்பா சொன்னார், படுத்தேன்.

உச்சிப்பொழுதில் அம்மாவின் இருமலில் இளஞ்சிவப்பு நுரை வந்தது. பெரியாஸ்பத்திரியில் நுரையீரல் நீர்க்கோவை (நுரையீரலின் காற்றறைகளில் நீர் தேங்குவது) என்று சொல்லி ஆக்ஸிஜன் வைத்தார்கள். அப்பாவுக்கும் எனக்கும் கண்ணெரிச்சலும் இருமலும் மட்டும்.

டாக்டர் என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டார். "மேட்டுல நின்னவங்கல்லாம் தப்பிச்சுட்டாங்க. உங்கள யாருப்பா பள்ளத்துல படுக்கச் சொன்னது? நல்லவேளை, ஈரத்துணியாவது போட்டீங்க."

சற்றுத் தள்ளி அம்மாவின் செருப்பைக் கையில் பிடித்தபடி அப்பா நின்றிருந்தார். "நாங்களேதான் சார் படுத்தோம்" என்றேன்.

டாக்டர் போனதும் அப்பா கிட்டே வந்தார். "இன்னாடா சொல்றாரு?"

"ஈரத்துணி போட்டது நல்லதாப் போச்சாம்பா."

அப்பாவின் முகம் தெளிந்தது. வார்டில் எல்லாரிடமும் அந்த ஈரத்துணியைப் பற்றியே சொல்லிக்கொண்டிருந்தார்.

மூன்றாம் நாள், எங்களோடு புளி உலுக்கிய கோவிந்தன் வந்தான். "நான் மரத்து மேலயே குந்தினு இருந்தேன் மாமா. ஒண்ணும் ஆவல. வூட்டுக்குப் போய்ட்டு வர்றேன்" என்று சொல்லிப் போனான்.

அன்றிலிருந்து அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. வார்டுக்குள் வரவும் இல்லை. வாசல் குழாயடியிலேயே உட்கார்ந்திருந்தார்.

ஐந்தாம் நாள் அம்மா மூச்சை நிறுத்தி நிறுத்திக் கேட்டாள்: "உங்கப்பன் எங்க? கூப்புடு."

அப்பா வந்து கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "நான்தான் உன்ன அந்தப் பள்ளத்துல படுக்க வச்சேன்."

"நீ காட்டுன எடத்துக்கு வந்து நான் எந்தக் காலத்துல நல்லா இருந்தேன்?" அம்மா சிரித்தாள். சிரிப்பு இருமலாகி அடங்க வெகுநேரம் ஆனது. "இருக்கறதுல நல்ல எடம்னுதான குடுத்த. வுடு. ஒரு நல்ல வேட்டியக் கிழிச்சுட்டியே, அதச் சொல்லு."

அப்பா அழுதார். பிறகு அவள் கையிலிருந்த கஞ்சியில் மீதியைக் குடித்தார்.

நோயாளியோடு இருப்பவர்களுக்கு இதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். நான் அம்மாவின் மூச்சை மட்டும் எண்ணிக்கொண்டிருந்தேன். அப்பாவை ஒரு பாதி உண்மையால் மூடி வைத்துவிடலாம் என்று நினைத்தேன். படுத்திருந்த அம்மாதான் அவரைப் பார்த்தாள்.

நாற்பது நாள் கழித்து அனுப்பினார்கள். மூச்சுக்குழாய்ச் சுருக்கம் (காற்று போகும் குழாய் இறுகிப்போவது) முழுதும் போகாது என்றார் டாக்டர். ஓடைத் தண்ணீரைத் தொடக்கூடாது என்று பலகை வைத்திருந்தார்கள். அதைக் குடித்த கருப்பன் என்றைக்கோ செத்துப்போயிருந்தது. தோப்புப் புளியைக் குழி தோண்டிப் புதைத்திருந்தார்கள்.

பஸ்ஸை விட்டு இறங்கி மலையேறினோம். தலையில் மூட்டையோடு ஒரு மணி நேரத்தில் ஏறுகிறவள் அம்மா. அன்று அவள் மூச்சு வாங்கி நின்ற இடத்திலெல்லாம் அப்பா ஒரு தட்டைக் கல்லைத் தேடி உருட்டி வந்து போட்டார். வூடு போய்ச் சேர மூன்று மணி நேரம்.

கற்கள் அங்கேயே கிடக்கின்றன. சந்தை நாளில் வசந்தா வாசலில் நின்று, "அம்மா எங்க வர்றாங்க?" என்று கேட்பாள். நான் மேட்டிலிருந்து பாதையைப் பார்த்து, "நாலாங் கல்லுல" என்பேன். உலை வைக்க அது சரியான நேரம்.

நாற்பது நாள், ஒரு வருசத்துப் புளி, ஒரு நாய், ஏற்றத்தில் ஏழு கல். அம்மாவின் கணக்குப்படி ஒரு வேட்டியும்.