தீவில் தினமும் ஒரு விளக்கு

ஐம்பதை நெருங்கும் ஒருத்தி, அமெரிக்காவில், டெக்சாஸின் கேட்டி ஊரில், காய்கறிக் கடை வாசலில் காரை நிறுத்தி, ஏசியைப் போட்டுக்கொண்டு, போனில் இரண்டு பொம்மை ஜந்துக்களுக்கு ஜோடி சேர்த்துக்கொண்டிருந்தால் யாருக்கும் சிரிப்பு வரும். என் கணவருக்கும் வந்தது. "இன்னைக்கு யாருக்கும் யாருக்கும் முகூர்த்தம்?" என்று தினமும் கேட்பார். கேட்கட்டும். அவருக்குக் கூடப்பிறந்தவர்கள் எல்லாரோடும் பேச்சுவார்த்தை இருக்கிறது.

எனக்கு இருப்பது ஒரே தம்பி. ஈரோட்டில் இருக்கிறான். கடைசியாக ஊருக்குப் போயிருந்தபோது அவன் மகள்தான் இந்த விளையாட்டை என் போனில் போட்டுக்கொடுத்தாள். அவளுக்குத் தனி போன் இல்லை, அப்பா போனில்தான் விளையாடுவாள். ஆளுக்கு ஒரு தீவு. அதில் விதவிதமான ஜந்துக்கள். இரண்டைச் சேர்த்து விட்டால் சில மணி நேரத்தில் ஒரு முட்டை வரும். பெரும்பாலும் ஏற்கெனவே இருப்பதுதான் பொரிந்து வரும். எப்போதாவது அபூர்வமான ஒன்று பிறக்கும். தீவின் கரையில் ஒரு விளக்குக் கம்பம் உண்டு. அதை நாமே ஏற்றிக்கொள்ள முடியாது, வேறொரு தீவிலிருந்து யாராவது வந்துதான் ஏற்ற வேண்டும். ஏற்றினால் ஒரு நாள் எரியும். எரியும்போது அபூர்வமானது பிறக்க வாய்ப்பு அதிகம். மருமகள் என் தீவுக்கும் நான் அவள் தீவுக்கும் ஏற்றினோம்.

நான் திரும்பி வந்த அடுத்த வருடம் அப்பா போய்விட்டார்.

எங்கள் கிரீன் கார்டு மனு கடைசிக் கட்டத்தில் இருந்தது. பயண அனுமதித் தாள் கையில் இல்லாமல் நாட்டை விட்டுப் போனால் என் மனு அதோடு சரி. அவசர அனுமதிக்கு ஓடினோம். அது கிடைப்பதற்குள் ஈரோட்டில் எல்லாம் முடிந்துவிட்டது. நான் அப்பாவை வீடியோவில் அனுப்பிவைத்தேன். சொந்தக்காரர் யாரோ போனைப் பிடித்திருந்தார். பாதி நேரம் வானம்தான் தெரிந்தது.

அன்று சாயங்காலம் தம்பி கூப்பிட்டான். "அக்கா, உனக்கு அப்பாவ விட அந்தக் கார்டு பெருசாப் போயிருச்சு" என்றான். அழுத தொண்டையோடு சொன்னான். அது எனக்குக் கேட்கவே செய்தது. ஆனால் என் வாய் அப்படிப்பட்டது. "ஆமாண்டா, பெருசுதான். என்னங்கற இப்ப?" என்றேன். அவன் போனை வைத்தான். அதன்பிறகு அவனும் கூப்பிடவில்லை, நானும் கூப்பிடவில்லை.

அவன் மனைவி மட்டும் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் பேசுவாள். அந்த வீடியோ காலில் அவளுக்குப் பின்னால் எதையாவது தேடுவதே என் வேலை. சில நாள் அவன் முதுகு தெரியும். சில நாள் டிவி சத்தத்தையும் மீறி அவன் இருமல் கேட்கும். ஒரு தடவை வாசலில் அவன் வண்டியை மூன்று முறை உதைத்துக் கிளப்பும் சத்தம் கேட்டது. அன்றைக்கு முழுக்க அது போதுமாக இருந்தது. அவன் குரலுக்கு அவ்வளவு ஏங்கினேன். ஏங்குகிறவள் கூப்பிட வேண்டியதுதானே என்றால், அதுதான் முடியவில்லை. அவன் முதலில் கூப்பிட வேண்டும் என்று ஒரு பிடிவாதம்.

அந்த நாட்களில்தான் விளையாட்டுக்குள் முழுதாக இறங்கினேன். நீலக் கொம்பு வைத்த ஒரு குட்டி உண்டு, அதுதான் எல்லாவற்றிலும் அபூர்வம். மருமகள் பத்தாவது படித்துக்கொண்டிருந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளிடம், "அந்த நீலக் கொம்பு என் தீவுல பொறக்கட்டும், அன்னைக்கு உங்கப்பனுக்கு நானே போன் பண்றேன். போய்ச் சொல்லு" என்றேன். அவள் சிரித்தாள். பின்னால் டிவி சத்தம் சட்டென்று நின்றது.

அதற்கப்புறம் என் தீவில் விளக்கு அணைந்ததே இல்லை. முன்பெல்லாம் மருமகள் நினைத்தால் ஏற்றுவாள், மறந்தால் மறந்துவிடுவாள். இப்போது தினமும் சாயங்காலம் ஏழரை மணிக்கு என் திரையில் பொட்டென்று வெளிச்சம் வரும். ஈரோட்டில் அப்போது காலை ஆறு. நவம்பரில் எங்கள் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளியபோது விளக்கு ஆறரைக்கே வந்தது. குழந்தை விடியற்காலையில் படிக்க எழுந்ததும் முதல் வேலையாக அத்தைக்கு விளக்கேற்றுகிறாள் என்று எனக்கு ஏகப்பட்ட பெருமை. நான் அதே இரண்டு ஜந்துக்களைச் சேர்த்துக்கொண்டே இருந்தேன். கல்லு முதுகுக்காரனும் இலை மூக்கியும். முட்டைகள் வந்தன. நீலக் கொம்பு வரவில்லை.

மருமகள் பதினொன்றாம் வகுப்புக்குப் போனாள். ஞாயிறு முழுக்க கோச்சிங் என்று போனில் கிடைக்கவே மாட்டாள். போன மாதம் காலாண்டு லீவில்தான், பல மாதங்கள் கழித்து, முகத்தைக் காட்டினாள்.

"தெனமும் மறக்காம விளக்கேத்தற பாரு தங்கம், உன்னாட்டம் யாரு இருக்கா" என்றேன்.

"என்ன விளக்குங் அத்தை?"

"கேம்ல கண்ணு."

"ஐயோ, அதை நான் பத்தாவது பரீட்சை அப்பவே விட்டுட்டேனுங்க." குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "அது அப்பா போன்லதான் இருக்குது. அவருக்கு வெளையாடவே தெரியாதுங் அத்தை. நான் போட்டுட்டு வந்த முட்டை கூட அப்படியே கெடக்குது. எந்திரிச்சதும் உங்க தீவுக்குப் போய் விளக்க ஏத்தீட்டு மூடி வெச்சுருவாரு. எப்படி ஏத்தறதுன்னு என்கிட்டக் கேட்டு எழுதி வெச்சுக்கிட்டாரு."

அவளே கேட்டாள். "நீலக் கொம்புக்கு எதையும் எதையும் சேக்கறீங்க?"

சொன்னேன்.

"அந்த ரெண்டுக்கும் அது பொறக்கவே பொறக்காதுங் அத்தை. ஒண்ணாவது பனி ஜாதியா இருக்கோணும். எத்தனை விளக்கு ஏத்துனாலும் வராது."

"அப்படியா?" என்றேன், அப்போதுதான் தெரிந்துகொண்டவள் போல.

எனக்குத் தெரியும். விளையாட்டின் உதவிப் பக்கத்திலேயே அது எழுதியிருக்கிறது. அவளிடம் அந்த ஞாயிறு சவடால் விடுவதற்கு முன்பே நான் அதைப் படித்திருந்தேன். பிறக்க முடியாத ஜோடியாகப் பார்த்துச் சேர்த்துவிட்டு, பிறந்தால் கூப்பிடுகிறேன் என்று சொல்லியனுப்பினேன். அவன் அதை நம்பி ஒரு வருடத்துக்கு மேலாக, பல் கூடத் துலக்காமல், எனக்கு விளக்கேற்றிக்கொண்டிருந்திருக்கிறான். என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

அன்று சாயங்காலம் கணவரைச் சமையலறையிலிருந்து வெளியே போகச் சொல்லிவிட்டு, தீவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஏழு இருபத்தெட்டு. ஏழு இருபத்தொன்பது. விளக்கு எரிந்தது. போன் இப்போது அவன் கையில்தான் இருக்கிறது, எடுக்காமல் இருக்க அவனுக்குச் சாக்கு கிடையாது. விளையாட்டை மூடிவிட்டு எண்ணை அழுத்தினேன்.

ஒரே மணியில் எடுத்தான். மூன்று வருடம் கழித்துக் கேட்கும் குரல், அப்படியே அப்பா குரலாக ஆகியிருந்தது.

"அக்கா, பொறந்துருச்சா?" என்றான்.

"இல்ல சாமி" என்றேன். "அது பொறக்காது. நான்தான் கூப்ட்டேன்."