போய்விட்ட காய்ச்சலுக்கு ஒரு சொல்

துபாஷி வேலை என்பது, அடுத்தவர் வாய்க்கு நாம் திட்டு வாங்குகிற வேலை. என்னைப் போலவே ஒருவர் பாஷையை இன்னொருவருக்குச் சொல்லிப் பிழைக்கிற உங்களுக்கு நான் சொல்லியா தெரியவேண்டும்?

ஐம்பதுகளில் கும்மிடிப்பூண்டி பக்கம் ஒரு சின்ன மடத்து ஆஸ்பத்திரி. டாக்டர், ஸ்பெயினிலிருந்து வந்த கன்னியாஸ்திரீ. எல்லாரும் மதர் என்போம். மடத்துச் சமையற்கட்டில் அவர் பாஷையைக் காதால் பிடித்துக்கொண்டவள் நான். நோயாளிகள் சொல்வதை அவருக்கு ஸ்பானிஷில் சொல்வது என் வேலை.

இரண்டு நேற்று

ஸ்பானிஷில் காய்ச்சல் வந்து போய்விட்டால் 'துவோ'. விடாமல் இருந்துகொண்டே இருந்தால் 'தேனியா'. இரண்டும் ஒரே வினைச்சொல்லின் இறந்தகாலம்தான்; எந்த வாய்ப்பாட்டுக்கும் அடங்காத வினைச்சொல். மாற்றிச் சொன்னால் மருந்து மாறிவிடுமே என்று காலையிலேயே இரண்டையும் சொல்லிப் பார்த்துக்கொள்வேன். ஒருநாள் பழவேற்காட்டு மளிகைக்கடை பாயிடம், ஜுரம் விட்டுதா, இருந்துக்கினே இருந்துதா என்று விடாமல் குடைந்தேன். அவர் அலுத்துப்போனார்.

"இன்னாம்மா பேஜாரு பண்றே. உங்கிட்ட பேசினப்புறந்தான் எனக்கு ஜுரமே."

இடுப்பில் வேப்பிலை

இன்னொரு நாள் ஒருத்தி, அம்மை கண்ட மகனுக்குக் கண் மருந்து கேட்டு வந்தாள். இடுப்பில் வேப்பிலைக் கொத்து. அம்மை போய்விட்டதா என்று மதர் கேட்டார். கொப்புளமெல்லாம் உதிர்ந்துபோச்சு என்கிறாள். அம்மை போச்சு என்று மட்டும் சொல்ல மாட்டேன் என்கிறாள். மதர் என்னைப் பார்க்கிறார். துவோவா, தேனியாவா, எதைச் சொல்லித் தொலைப்பது? எரிச்சலோடு அதட்டினேன். அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"தலைக்குத் தண்ணி ஊத்தற வரைக்கும் அம்மா ஊட்லதான் கீறாங்க. போய்ட்டாங்கன்னு நான் சொல்லி, கோவிச்சிக்கினு திரும்பிட்டாங்கன்னா இன்னாக்கா பண்ணுவேன்?"

அதை அப்படியே மதரிடம் சொல்லிச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

என் வீட்டு வாசல்

அடுத்த கோடையில் என் மகள் செல்விக்கு உடம்பெல்லாம் முத்து. வேலைக்குப் போகவில்லை. பிள்ளை பிழைத்தால் போதும் என்பதைத் தவிர எனக்கு எந்தப் பாஷையும் நினைவில் இல்லை. ஒருவழியாகக் கொப்புளங்கள் உதிர்ந்தன. செவ்வாய்க்கிழமை தண்ணீர் ஊற்றவேண்டும். திங்கட்கிழமையே மதர் வாசலில் வந்து நின்றார்.

"துவோ?" என்றார்.

ஆமாம் என்று தலையாட்டினால் போதும். தலை ஆடவில்லை. தெரிந்தே, "தேனியா" என்றேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. மதர் நிலைப்படியில் செருகியிருந்த வேப்பிலையைப் பார்த்தார். பிறகு தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னார்:

"சரி. நீ தண்ணி ஊத்து. புதன்கிழமை நான் வந்து கேக்குது."

ஊரார் காய்ச்சலையெல்லாம் ஒரே சொல்லில் முடித்துவைத்த எனக்கு, என் வீட்டுக் காய்ச்சலை முடிக்க ஒரு குடம் வேப்பிலைத் தண்ணீர் வேண்டியிருந்தது.