விடுங்கோ, நான் பாக்கிறன்

என் விமான ஆசிரியைக்கு மூக்குக் கொஞ்சம் கோணல். பிரான்சிலிருந்து மெல்பேர்னுக்கு வந்தவர். தன் ஊர் விமானக் கழகத்தில் முதன்முதலாகப் பறக்கப் பழக்கிய பெண் அவர்தான். அந்தக் காலத்தில் அவரைக் கண்டதுமே பறக்கப் பழக வந்த ஆண்களுக்குத் தலையிடி வந்துவிடுமாம். ஒருவர் இவரை வரவேற்பறைப் பெண் என்று நினைத்து, கோட்டைக் கழற்றிக் கையில் கொடுத்தாராம். "வாங்கி மாட்டிவிட்டு அவரை மேலே கூட்டிக்கொண்டு போனேன். இறங்கி வந்ததும் கோட்டைத் தானே எடுத்துக்கொண்டார்" என்று சொல்லிச் சிரிப்பார்.

நான் நோபல் பார்க்கில் இருக்கிறேன். பஸ் ஓட்டுவது வேலை. தலை நரைக்கத் தொடங்கிய வயதில் விமானம் பழகப் போகிறேன் என்றதும், "பஸ் காணாதே உமக்கு?" என்று கேட்டார் என் மனுசன். காணாதுதான், பஸ் எனக்குப் போதவில்லை. சின்ன வயதில், ஊரில் சண்டை நடந்த காலம், குண்டுபோட வரும் விமானத்தின் சத்தம் கேட்டால் நாங்கள் பங்கர் குழிக்குள் ஓடவேண்டும். எனக்குப் பயத்தைவிடக் கோபம்தான் கூட. அந்தச் சத்தத்தை ஒருநாள் நான் ஓட்டவேண்டும், அதுவும் தனியே ஓட்டவேண்டும் என்ற வெறி அப்போதே பிடித்தது.

தனியே அனுப்புவதா இல்லையா என்பது ஆசிரியையின் முடிவு. என் கை நன்றாகப் பழகிவிட்டது. வாய்தான் பழகவில்லை. ஒருநாள், "இறக்கிக் காட்டுகிறேன், பார்" என்று அவரே ஓட்டினார். ஓடுபாதை கிட்ட வர வர வேகமுள் இறங்கிக்கொண்டே போனது. அவ்வளவு மெதுவாகப் போனால் விமானம் தொப்பென்று விழும் என்று எனக்குச் சொல்லித் தந்ததே அவர்தான். நான் பார்த்துக்கொண்டு சும்மா இருந்தேன். கடைசி நேரத்தில் அவரே சரிசெய்து இறக்கினார்.

"முள்ளைக் கண்டாயா?"

"கண்டேன், மேடம்."

"ஏன் சொல்லவில்லை?"

"நீங்கள் ரீச்சர். ரீச்சருக்குப் பிழை சொல்லலாமா?"

அவருக்கு வந்ததே ஒரு கோபம்! "இந்த மூக்கைப் பார்! நான் மாணவியாக இருந்தபோது என் ஆசிரியர் பிழைவிட்டார். அத்தனை ஆண்களுக்குள் நான் ஒருத்திதான் பெண். மரியாதையாக வாயை மூடிக்கொண்டிருந்தேன். பீட்ரூட் வயலுக்குள் போய் விழுந்தோம். மேலே தனியே இருக்கும்போது ரேடியோவில் யாராவது பிழையாகச் சொன்னால் அதற்கும் தலையாட்டுவாயா? இன்னொருதரம் வாய் திறக்காவிட்டால் வேறு ஆசிரியரைத் தேடிக்கொள்."

வீட்டுக்கு வந்து அழுதேன். ரீச்சர் கரும்பலகையில் பிழையாகக் கணக்குப் போட்டால் அதையே கொப்பியில் எழுதி வளர்ந்த ஆள் நான். இனி எப்படித் திருந்துவது? குசினிக்குள் நின்ற மனுசன் சிரித்தார்.

"நான் கறிக்கு உப்புப் போட வெளிக்கிட்டாலே அகப்பையைப் பறிக்கிறீர். அவவையும் நான் எண்டு நினைச்சுக்கொள்ளுமன்."

"சும்மா இருங்கோ" என்றேன், அகப்பையைப் பறித்துக்கொண்டே.

அடுத்த வகுப்பில் ஆசிரியை திரும்பவும், "இறக்கிக் காட்டுகிறேன்" என்றார். திரும்பவும் முள் இறங்கியது. அவர் முகத்தில் ஒரு அசைவும் இல்லை. இன்றைக்கும் பேசாவிட்டால் எல்லாம் முடிந்துவிடும் என்று தெரிந்தும் வாய் வரவில்லை. அப்போது, இழவு, அந்த அகப்பை ஞாபகம் வந்தது.

"விடுங்கோ! நான் பாக்கிறன்!"

மனுசனைத் துரத்துகிற அதே குரலில், அதே தமிழில் கத்தினேன். கை தானாகப் போய் எஞ்சினை முழு வேகத்துக்குத் தள்ளியது. விமானம் உறுமிக்கொண்டு மேலே ஏறியது. அவர் பிடியை விட்டு இரண்டு கைகளையும் தூக்கினார். ஒரு வட்டம் சுற்றி வந்து நானே இறக்கினேன்.

எஞ்சினை நிறுத்த வேண்டாம் என்று கையைக் காட்டினார். கதவைத் திறந்து இறங்கி, தன் வெறும் ஆசனத்தின் பெல்டைப் பூட்டினார்.

"போய் வா" என்றார்.

பாரம் குறைந்த விமானம் டக்கென்று எழும்பியது. நான் அன்றாடம் பஸ் ஓட்டும் தெருக்கள் காலுக்குக் கீழே கிடந்தன. ஐயோ, என்ன சந்தோசம்! தொண்டை கிழியக் கத்தினேன். அந்தச் சத்தத்தை இப்போது நான் ஓட்டுகிறேன். கீழே ஒருவர்கூடப் பயந்து ஓடவில்லை.

முதல்முறை தனியே பறந்து வருகிறவரின் தலையில் ஒரு வாளி தண்ணீர் ஊற்றுவது அங்கே வழக்கம். நான் இறங்கியபோது ஆசிரியை வாளியும் கையுமாக நின்றார். நடுங்குகிற குளிர்.

"நோ மேடம், நோ! வேண்டாம்! செத்துப்போவேன்!"

"பார், இப்போது எவ்வளவு அழகாக மறுத்துப் பேசுகிறாய்" என்று சொல்லி, முழு வாளியையும் என் தலையில் கவிழ்த்தார்.