டெரிக்கின் பத்தாவது விக்கெட்

எனக்கு ஆங்கிலம் விளங்கியது. அன்று டெரிக் சொன்ன ஒவ்வொரு சொல்லும் விளங்கியது. விளங்கவில்லை என்று நான் சொன்னது பச்சைப் பொய்!

இவ்வளவு காலமும் இதை எவரிடமும் சொல்லவில்லை. உங்களிடம் சொல்வது நீங்கள் மன்னிப்பீர்கள் என்பதற்காக அல்ல... இனியும் உள்ளே வைத்திருக்க முடியவில்லை, அவ்வளவுதான்.

எண்பதுகளின் நடுப்பகுதி. ஜெர்மனும் பிரெஞ்சும் பேசும் பீல் நகரில், ஓர் உணவகத்தின் சமையலறையில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். அகதி விண்ணப்பத்துக்கு முடிவு வரவில்லை. கூட வேலை செய்த அருளண்ணைதான் ஞாயிறு தோறும் ஆங்கிலேயர்கள் ஆடும் கிரிக்கெட் அணியில் என்னைக் கொண்டுபோய்ச் சேர்த்தார். உதைபந்தாட்டத் திடலில் தும்புப் பாய் விரித்து ஆடுவார்கள்.

டெரிக் அணித்தலைவர். ஐம்பதை நெருங்கியவர். பீலில் ஆங்கிலம் கற்பித்தார். இளமையில் இங்கிலாந்தின் மைனர் கவுண்டி ஆட்டங்களில், அதாவது பெரிய அணிகளுக்குக் கீழே சிறிய மாவட்டங்கள் தமக்குள் ஆடும் ஆட்டங்களில், பந்து வீசியவர். வேலைக்கு லீவு போட்டுவிட்டு ஆடுவாராம். பெரிய அணி ஒன்று கூப்பிடும் என்று ஒவ்வொரு கோடையும் காத்திருந்தாராம். கூப்பிடவே இல்லை. ஒரேயொரு முறை ஒன்பது விக்கெட் எடுத்தாராம். பத்தாவது ஆள் ரன் அவுட், அது பந்து வீசியவர் கணக்கில் சேராது! இதையெல்லாம் பஸ்ஸில் அருளண்ணையிடம் அவர் சொல்லிக்கொண்டு வந்தபோது, பின் இருக்கையில் நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

எனக்குக் கூச்சம். வாக்கியத்தை மனதில் கட்டி முடிப்பதற்குள் கதை வேறெங்கோ போயிருக்கும். எனக்கு ஆங்கிலம் வராது என்று அவர்களாகவே முடிவுகட்டிவிட்டார்கள். நானும் திருத்தவில்லை.

ஆனால் பந்து போட வராது என்றுமா முடிவுகட்ட வேண்டும்? யாழ்ப்பாணத்தில் என் பள்ளிக்குப் புதுப்பந்து எடுத்து முதல் ஓவர் போட்டவன் நான்! கொழும்பிலிருந்து தேர்வாளர் ஒருவர் வந்து பார்த்துவிட்டுப் போனார். பிறகு கலவரம்... அதோடு எல்லாம் போயிற்று.

அந்தக் கோடை முழுவதும் டெரிக் எனக்கு ஓர் ஓவர்கூடத் தரவில்லை. "அடுத்த ஞாயிறு" என்பார். வேலிக்கு அப்பால் மாடுகளின் காலடியில் விழும் பந்தை எடுத்தெறிவதுதான் என் வேலை. அங்கே கோப்பை, இங்கே பந்து... எங்கே போனாலும் எனக்குப் பொறுக்குகிற உத்தியோகந்தானா?

கடைசி ஆட்டம். அன்று டெரிக்கின் பந்து சொன்னபடி கேட்டது. ஒன்பது விக்கெட்டும் அவருக்கே! ஒரே ஓர் ஆள் பாக்கி. மறுமுனையில் போட்டவருக்கு ஓவர்கள் முடிந்துவிட்டன. டெரிக் என்னை நோக்கிக் கையசைத்தார்.

என் தோளில் கை போட்டார். "விலக்கிப் போடு. ஸ்டம்புக்கு வெளியே, நன்றாக வெளியே. ஆளை அவுட்டாக்கிவிடாதே. இந்த ஓவர் மட்டும்... கெஞ்சிக் கேட்கிறேன்."

கோடை முழுவதும் காத்திருந்து காத்திருந்து கிடைத்த முதல் ஓவர்... அதுவும் நன்றாகப் போடக்கூடாத ஓவர்!

ஓடி வந்தேன். வெளியே போடத்தான் ஓடி வந்தேன் என்று நெடுநாள் என்னையே நம்பவைக்கப் பார்த்தேன். இல்லை! முதல் அடியிலேயே எனக்குத் தெரியும். காலடியில் குத்தும் யோர்க்கர். நடு ஸ்டம்ப் பிடுங்கிக்கொண்டு போயிற்று. என் வாழ்க்கையிலேயே நான் போட்ட மிகச் சிறந்த பந்து அதுதான்.

ஒருவரும் கத்தவில்லை. டெரிக் தலையில் கை வைத்தபடி நின்றார். நான் கையை விரித்து, "நோ இங்கிலீஷ்... நோ அண்டர்ஸ்டாண்ட்" என்றேன்.

அவர் நம்பினார்! "என் பிழைதான். மெதுவாகச் சொல்லியிருக்க வேண்டும்" என்று என் முதுகில் தட்டினார். திட்டியிருக்கக்கூடாதா? ஓர் அறை விட்டிருக்கக்கூடாதா?

பஸ்ஸில் அருளண்ணை என் முகத்தைப் பார்க்கவில்லை. இறங்கும்போது மட்டும் கேட்டார்: "இங்கிலீஷ் விளங்காட்டியும் உனக்குக் கிரிக்கெட் விளங்குந்தானே? ஒம்பது எடுத்தவனுக்கு மற்றப் பக்கத்தாலை எப்பிடிப் போடுறதெண்டு ஊரிலை சின்னப் பொடியனுக்கும் தெரியுமடா."

"தெரியும் அண்ணை" என்றேன்.

குளிர்காலம் வந்தது. டெரிக் என்ன செய்தார் தெரியுமா? புதன்கிழமைப் பிற்பகல்களில் எனக்கு இலவசமாக ஆங்கிலம் கற்பித்தார்! "இது கதவு. அது ஜன்னல்." நானும் திக்கித் திக்கிச் சொன்னேன். சரியாகச் சொன்னால் அவர் முகம் மலரும். அதைப் பார்க்கப் பார்க்க எனக்கு என் மேலேயே ஆத்திரம் பொங்கும். உண்மை எத்தனையோ தடவை வாய்வரை வந்தது... கோழை நான், விழுங்கிவிட்டேன்.

கூப்பிடப்படாதவனின் வலி எனக்குத் தெரியாததா? இந்த நாட்டிலேயே அவர் வலியை அறிந்திருக்க வேண்டிய ஒருவன் நானல்லவா?

வசந்தத்தில் முதல் ஆட்டம். டெரிக் புதுப்பந்தைக் கொண்டுவந்து என் கையில் வைத்தார். முழங்கால் போய்விட்டது, இனிப் பந்து போடுவதில்லை என்று அருளண்ணையிடம் சொன்னார். அந்தப் பத்தாவது இனி அவருக்கு இல்லை.

பிறகு என் பக்கம் திரும்பி, ஸ்டம்பை விரலால் காட்டி, குழந்தைக்குச் சொல்வதைப் போல ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார்: "இன்றைக்கு... நீ... ஸ்டம்புக்கே... போடலாம்."

விளங்காதவனைப் போலச் சற்று விழித்துவிட்டு, தலையாட்டினேன்.