ஐம்பத்தெட்டு டிகிரி

கேட்டுக்குள் காலை வைக்கும்போது மாயவன் அண்ணனின் வலது கை, இடது பக்கச் சட்டைப் பையைத் தொட்டுவிட்டுத்தான் கீழே இறங்கும். அதற்கப்புறம் செருப்பைக் கழற்றி ஷூ மாட்டுவார். நேரே சூளைக்குக் காற்று ஊதுகிற ப்ளோயர் மோட்டாரிடம் போய், அதன் மேல் புறங்கையை வைத்துக் கண்ணை மூடி, குழந்தைக்குக் காய்ச்சல் பார்க்கிற மாதிரி நிற்பார். உள்ளங்கையை வைக்கவே மாட்டார். கரண்டு கசிந்தால் உள்ளங்கை பிடித்துக்கொள்ளுமாம், புறங்கை என்றால் உதறிக்கொள்ளுமாம். மோட்டாருக்கு மட்டும் என்று நினைக்காதீர்கள், டீ கிளாஸுக்கும் அந்தப் புறங்கைதான்.

விருத்தாசலம் செராமிக் எஸ்டேட்டில் ஃபியூஸ் கட்டை செய்கிற யூனிட் எங்களுடையது. என் வீட்டுக்காரர் ஷார்ஜாவில் இருக்கிறார். தினமும் மங்கலம்பேட்டையிலிருந்து வந்து யூனிட்டைப் பார்த்துக்கொள்வது நான். போன வருஷம் சூளைக்கு ஆள் வேண்டும் என்று தேடியபோது, அணுமின் நிலையத்தில் முப்பத்து நாலு வருஷம் வேலை பார்த்துவிட்டு ஒருவர் கருவேப்பிலங்குறிச்சியில் சும்மா இருக்கிறார் என்றார்கள். அவ்வளவு பெரிய இடத்தில் இருந்தவர் நம் சூளைக்கு எங்கே வரப்போகிறார் என்று நினைத்தேன். மறுநாள் காலை ஆறு மணிக்கு மொபெட்டில் வந்து நின்றார். அன்றிலிருந்து சம்பளம் கொடுப்பது நான், கேள்வி கேட்பது அவர்.

எங்கள் சூளையில் மூன்று இடத்தில் சூடு பார்க்க வேண்டும். முன்னால் ஒரு மீட்டர், பின்னால் ஒன்று, மேலே புகைபோக்கிப் பக்கம் ஏணி ஏறிப் பார்க்கிற மாதிரி ஒன்று. மணிக்கொரு தரம் மூன்றையும் நோட்டில் எழுத வேண்டும். இவருக்கு முன்னால் இருந்தவர் நாற்காலியை விட்டு எழுந்திருக்காமலே மூன்றையும் எழுதிவிடுவார். அண்ணன் ஒவ்வொன்றின் முன்னாலும் போய் நிற்பார், கண்ணாடியை விரல் நுனியால் இரண்டு தட்டுத் தட்டுவார், முள் நிற்கும்வரை காத்திருந்து எழுதுவார். அறுபத்தைந்து வயசு, இரண்டு முட்டியும் போய்விட்டது. ஏணி ஏற முடியாத நாளில் மூன்றாவது கட்டத்தில் "பார்க்கவில்லை" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிடுவார். நோட்டில் பக்கத்துக்கு ஒன்றிரண்டு "பார்க்கவில்லை" கிடக்கும்.

எனக்கு எரிச்சலாக வரும். முன்னாலும் பின்னாலும் ஆயிரத்து இருநூறு காட்டினால் மேலே மட்டும் ஐஸா உறைந்து கிடக்கும், ஒரு நம்பரைப் போட்டால் கை தேய்ந்துவிடுமா என்று ஒருநாள் கேட்டே விட்டேன்.

"கண்ணால பாக்காதத எழுத மாட்டேம்மா. எழுதிப் பட்டது போதும்" என்றார்.

என்ன பட்டார் என்று அப்போது நான் கேட்கவில்லை. பெரிய இடத்து ஆசாமி, கொஞ்சம் பிகு பண்ணுகிறார் என்று விட்டுவிட்டேன்.

ஃபியூஸ் கட்டைகளுக்குப் பிசிறு தட்டுகிற கொளஞ்சியம்மாளுக்கும் மற்றப் பெண்களுக்கும் அவரைச் சீண்டுவதென்றால் அல்வா சாப்பிடுகிற மாதிரி. அணுவில் வேலை பார்த்தவருக்கு வீட்டில் லைட்டே வேண்டாமாமே என்பார்கள். அவரும் சிரித்துக்கொள்வார். சட்டைப் பையை எதற்குத் தொடுகிறீர்கள் என்று கேட்டதற்கு மட்டும் சிரிக்காமல் பதில் சொன்னார். அங்கே உள்ளே போகிற எல்லாரும் கதிர்வீச்சை அளக்கிற சின்ன பேட்ஜ் ஒன்றைச் சட்டையில் மாட்டியிருக்க வேண்டுமாம், அது இல்லாமல் கேட்டைத் தாண்டவே விட மாட்டார்களாம். ரிட்டயர் ஆகி ஐந்து வருஷமாகியும் கை மறக்கவில்லை என்றார். இதை நானும் நம்பி, யூனிட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

போன மாதம் சூளைக்குக் கம்ப்யூட்டர் வைக்க முடிவு செய்தோம். கேஸ் விற்கிற விலைக்கு, ஒரு சுமை கருகிப் போனாலும் தாங்காது. வைத்துக் கொடுக்கிற கம்பெனியிலிருந்து காவியா என்ற இன்ஜினியர் வந்தார். ஐந்து வருஷத்துப் பழைய நோட்டுகளைக் கொடுங்கள், உங்கள் சூளை எப்படி ஓடும் என்று இந்த மிஷின் அதிலிருந்து தானே கற்றுக்கொள்ளும், அதைத் தாண்டி ஏதாவது நம்பர் வந்தால் உங்கள் போனுக்குச் சொல்லும் என்றார். நான் அண்ணனைக் கூப்பிட்டு பீரோவைத் திறக்கச் சொன்னேன். சாவி அவரிடம்தான்.

அவர் திறக்கவில்லை. பழைய நோட்டு வேண்டாம், நான் ஒரு மாதம் ஒரு கட்டம்கூட விடாமல் ஏறிப் பார்த்து எழுதித் தருகிறேன், அதைக் கொடுங்கள் என்றார். ஒரு மாதக் கணக்கு போதாது என்று காவியா மரியாதையாகத்தான் சொன்னார். அண்ணன் சாவியைப் பேன்ட் பையில் போட்டுக்கொண்டு ஏணிப் பக்கம் போய்விட்டார். வெளியாள் முன்னால் எனக்கு மூக்கறுந்து போயிற்று.

காவியாவை அனுப்பிவிட்டு வந்து பிடித்துக்கொண்டேன். மிஷின் வந்தால் உங்கள் வேலை போய்விடும் என்று பயமா, நேராகச் சொல்லுங்கள் என்றேன். கொஞ்சம் கத்தியிருப்பேன். மனுஷன் களிமண் மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டார். டியூட்டி நேரத்தில் அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை.

"மிசின் மேல ஒரு கோவமும் இல்லம்மா. அதுக்கு நான் தப்பா சொல்லிக் குடுத்துட்டு வந்தவன்" என்றார்.

பிறகு அவர் சொன்னதுதான் இது. நிலையத்தின் பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் எழுதவில்லை.

அங்கே ஷிப்ட்டுக்கு இரண்டு தரம் சுற்றி வந்து நூற்று நாற்பது மீட்டர்களைப் பார்த்துத் தாளில் எழுத வேண்டும். கடல் தண்ணீர் பம்ப் ஒன்றின் தலையில், நாற்பத்திரண்டு படி ஏறினால் ஒரு மீட்டர். பம்ப் பேரிங்கின் சூட்டைக் காட்டுவது. அந்த பம்ப் ஓட ஆரம்பித்த புதிதில் ஏறிப் பார்த்திருக்கிறார், எப்போது பார்த்தாலும் ஐம்பத்தெட்டு டிகிரி. பத்து வருஷம் ஏறினார். அப்புறம் முட்டி வலி வந்தது, முள்ளும் அசைகிற வழியாக இல்லை. கீழே நின்றபடியே ஐம்பத்தெட்டு என்று எழுத ஆரம்பித்தார். அவரைப் பார்த்து மற்றவர்களும் எழுதினார்கள்.

ஒருநாள் தாளெல்லாம் போய் டேப்லெட் வந்தது. மீட்டருக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டிக்கர் ஒட்டினார்கள், கடையில் ஜிபே பண்ணுகிற மாதிரி அதை ஸ்கேன் செய்தால்தான் நம்பர் போட முடியும். ஆள் ஏறித்தான் தீர வேண்டும் என்பதற்காகச் செய்த ஏற்பாடு. அண்ணன் என்ன செய்தார் தெரியுமா? ஒட்ட வந்தவரிடம் நைசாகப் பேசி அதே ஸ்டிக்கரில் இன்னொன்று வாங்கி, ஒரு அட்டையில் ஒட்டி வைத்துக்கொண்டார். ஷிப்ட்டுக்கு ஷிப்ட் அந்த அட்டை கை மாறியது. எல்லாரும் கீழே நின்று அட்டையை ஸ்கேன் செய்து ஐம்பத்தெட்டு போட்டார்கள். அதே சமயம், பதினெட்டு வருஷத்துப் பழைய தாள்களையெல்லாம் கம்ப்யூட்டரில் ஏற்றி, எந்த மீட்டர் எவ்வளவு காட்டினால் சரி என்று அதற்குப் பழக்கினார்கள். ஐம்பத்தெட்டுதான் சரி என்று அதுவும் நம்பிவிட்டது.

வேல்விழி என்று ஒரு பெண் புதிதாக வந்திருந்தாள். சேத்தியாத்தோப்புக்காரி, நம்ம பக்கத்துப் பெண் என்று அண்ணனுக்கு அவள் மேல் பிரியம். ஆனாலும் புதுசு, எங்காவது உளறிவிடுவாள் என்று அட்டை விஷயத்தை யாரும் அவளிடம் சொல்லவில்லை. அவள் நாற்பத்திரண்டு படியும் ஏறினாள். மீட்டர் அறுபத்தாறு காட்டியது. அதைப் போட்டாள், டேப்லெட் சிவப்பாக மாறியது. மறுநாளும் அறுபத்தாறு, அதற்கு மறுநாளும் அறுபத்தாறு. அந்த பேரிங் தொண்ணூறு வரை தாங்கும், ஆபத்து ஒன்றும் கிடையாது. ஆனால் கம்ப்யூட்டரில் பார்த்தால், ஊரே ஒரே கோட்டில் போகிறது, இவள் ஒருத்தி மட்டும் மேலே துள்ளுகிறாள்.

மேலே ஏறாமல் வாய்க்கு வந்த நம்பரைப் போடுகிறாள் என்று முடிவு கட்டி விசாரணை வைத்தார்கள். அதற்குள் பம்ப்பை நிறுத்தி, பழுது பார்க்கும்போது பேரிங்கையும் மாற்றிவிட்டார்கள். போய்ப் பார்க்க வழியில்லை. சீனியர் என்று அண்ணனைக் கூப்பிட்டு, உங்கள் அனுபவத்தில் அந்த மீட்டர் எவ்வளவு காட்டும் என்று கேட்டார்கள். அந்தப் பெண் எதிரே உட்கார்ந்திருந்தாளாம். ரிட்டயர் ஆக நாலு மாதம் பாக்கி.

"அம்பத்தெட்டுதான் சார்னு சொல்லிட்டேம்மா" என்றார்.

கன்ட்ரோல் ரூமுக்குப் போவதற்கான லைசென்ஸ் பரீட்சையை அவள் எழுத முடியாமல் போயிற்று. பழைய காகிதங்களை அடுக்குகிற பிரிவில் கொண்டுபோய்ப் போட்டார்கள். இவருக்கு நாலு மாதத்தில் மாலை போட்டு, கேடயம் கொடுத்து அனுப்பிவைத்தார்கள். கேடயம் வீட்டில் கண்ணாடி அலமாரியில் இருக்கிறது. அவர் மனைவி விருத்தாம்பாள் வெள்ளிக்கிழமை தோறும் அதைத் துடைத்து வைப்பார்.

சில வாரம் முன்னால் வேல்விழியை சேத்தியாத்தோப்பில் பஸ்ஸுக்கு நிற்கும்போது பார்த்திருக்கிறார். கண்ணாடி போட்டிருந்தாளாம். இந்த வயசில் என்னம்மா கண்ணாடி என்று கேட்டிருக்கிறார்.

"நீங்களே அம்பத்தெட்டுன்னு சொன்னதும் எனக்கே சந்தேகம் வந்துடுச்சி சார். கண்ணுலதான் கோளாறுன்னு டாக்டர்கிட்ட போனேன். ஒண்ணும் இல்லன்னுதான் சொன்னாரு. நான்தான் கேக்காம வாங்கிப் போட்டுக்கிட்டேன்" என்று சொன்னாளாம்.

இதை என்னிடம் சொல்லும்போது அண்ணனின் குரல் உடைந்துவிட்டது. அவள் அதோடு விடவில்லை. லைசென்ஸுக்கு இந்த வருஷம்தான் கடைசி வாய்ப்பு, கமிட்டி இருபத்தைந்தாம் தேதி கூடுகிறது, நீங்கள் நல்லபடியாக ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தால் உதவியாக இருக்கும் சார் என்று இவரிடமே கேட்டிருக்கிறாள். சரிம்மா என்று தலையாட்டிவிட்டு, வந்த பஸ்ஸில் ஏறிவிட்டார்.

எழுதினீர்களா என்றேன். டிபன் பையிலிருந்து மூன்று பக்கம் எடுத்து நீட்டினார். நல்ல பெண், நேர்மையானவள், நேரம் தவறாதவள், எல்லாம் இருந்தது.

"எல்லாம் இருக்குதுண்ணே. அந்த மீட்டரு எங்க?" என்றேன்.

பென்ஷனில் கை வைப்பார்கள் என்றார். விருத்தாம்பாளிடம் என்ன சொல்வது என்றார். கூட வேலை பார்த்தவர்களும் மாட்டுவார்கள் என்றார். அவர் சொன்னதில் எதுவும் பொய்யில்லை. ஆனால் எனக்கு வந்த கோபத்தில், அந்தக் கேடயத்தைத் துடைக்கிற துணியால் அந்தப் பெண்ணின் கண்ணாடியையும் துடைத்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டேன். சொன்னதும் எனக்கே சுருக்கென்றது. மூத்த மனுஷனை அப்படிப் பேசியிருக்கக் கூடாது.

அவர் கோபித்துக்கொள்ளவில்லை. சட்டைப் பைக்குள் கையை விட்டு ஒரு அட்டையை எடுத்து என் கையில் வைத்தார். சிகரெட் பெட்டி அகலம், வியர்வையில் ஊறி ஓரம் பழுத்திருந்தது, நடுவில் அந்த ஸ்டிக்கர். விசாரணை முடிந்த அன்றைக்கே அதை எடுத்து வைத்துக்கொண்டவர், ஐந்து வருஷமாக ஒருநாள் விடாமல் சட்டையில் சுமந்திருக்கிறார். பேட்ஜும் இல்லை, மண்ணாங்கட்டியும் இல்லை.

சூளை நோட்டிலிருந்தே ஒரு தாளைக் கிழித்து, மூட்டை மேல் வைத்து எழுதினார். முதல் வரி இப்படி இருந்தது: "அந்த மீட்டரை நான் கடைசி எட்டு வருடம் ஏறிப் பார்க்கவில்லை. வேல்விழி ஏறிப் பார்த்தார்." கீழே கையெழுத்து. அட்டையையும் உள்ளே வைத்து நாளைக்கே ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பிவிடுகிறேன் என்றார். அன்றைக்குத் தேதி பதினான்கு.

காவியாவுக்குப் போன் போட்டு ஒரு மாதம் கழித்து வரச் சொல்லிவிட்டேன். பழைய நோட்டில் ஆள் வராத நாட்களில் என் கையெழுத்திலும் பக்கங்கள் உண்டு. அதில் எத்தனை நம்பரை நான் பார்த்து எழுதினேன் என்று என்னைக் கேட்காதீர்கள்.

பதினாறாம் தேதி காலை கேட்டில் அவர் கை சட்டைப் பைக்குப் போயிற்று. ஏதோ தட்டியது, திருப்தியாகக் கீழே இறங்கியது. அட்டை இன்னும் அங்கேதான் இருக்கிறது. பதினேழாம் தேதியும் அப்படியே. பதினெட்டாம் தேதியும். கேட்டுவிடலாம் என்று வாய்வரை வந்தது. ஏற்கெனவே பேசியது அதிகம் என்று அடக்கிக்கொண்டேன். பத்தொன்பதாம் தேதி அவர் என் முகத்தையே பார்க்கவில்லை.

இருபதாம் தேதி, எப்போதும் ஆறு மணிக்கு வருகிறவர் பத்தரைக்கு வந்தார். போஸ்ட் ஆபீஸ் கவுண்டர் திறப்பது பத்து மணிக்கு. மொபெட்டை நிறுத்திவிட்டுக் கேட்டுக்குள் காலை வைத்தார். வலது கை சட்டைப் பைக்குப் போயிற்று. துணியை அழுத்தியது, இன்னொரு தரம் அழுத்தியது. பிறகு அவர் அந்தக் கையைப் புரட்டி, புறங்கையைத் தன் நெஞ்சின் மேலேயே வைத்துக் கண்ணை மூடிக்கொண்டு நின்றார்.