காந்தி வேஷத்துக்குக் கொடுத்த பல்

மூன்றாம் வகுப்போடு நின்றவன் நான். நல்லூரில் இரண்டு தையல் மிஷினோடு சட்டை தைக்கும் கம்பெனி ஆரம்பித்து இன்று எண்பது பேருக்குச் சோறு போடுகிறேன். ஆளைப் பார்த்ததுமே எடை போட்டுவிடுவேன். அப்படி நான் எடுத்த ஆள்தான் எங்கள் அயர்ன் மாஸ்டர் மகுடேஸ்வரன். ஒல்லி உடம்பு, விரிந்த காது, அதைவிடப் பெரிய குரல். அத்தனை மிஷின் ஓடும்போதும் அவன் கூப்பிட்டால் கேட் வரை கேட்கும். சுதந்திர தினத்துக்கு மொட்டை போட்டு, காந்தியாகக் கம்பெனி வாசலில் நின்று பேசுவான். பாஷை புரியாத பீகார் பையன்கள்கூடக் கை தட்டுவார்கள்.

போன வருஷம் ஒரு சினிமா கம்பெனி காந்தி வேஷத்துக்கு ஆள் எடுக்க அவிநாசி ரோட்டு மண்டபத்துக்கு வந்தது. அதற்கு முந்தின நாள் அவன் சம்சாரம் குழந்தையம்மாள் அழுதுகொண்டு வந்தாள்.

“காந்தி பொக்கவாயாம்னு முன்பல்லு நாலையும் புடுங்கிட்டு வந்து நிக்கிறாருங்க. அத்தனையும் நல்ல பல்லுங்க.”

கூப்பிட்டுக் கேட்டேன். “ஏனப்பா, வேஷம் கெடச்சதுக்கப்புறம் புடுங்குனா ஆகாதா?”

“பட்டன் வெக்காம சாம்பிள் அனுப்புனா ஆர்டர் குடுக்கற பையர் ஒத்துக்குவாருங்களா? நீங்க சொல்றதுதானுங்களே.”

என் சாம்பிள் ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை.

மறுநாள் என் காரிலேயே கூட்டிப்போனேன். மண்டபத்தில் ஏழெட்டுக் காந்திகள். ஒரு காந்தி செல்போனில் யாரையோ திட்டிக்கொண்டிருந்தார். மகுடேஸ்வரனைக் கண்டதும் டைரக்டர் எழுந்தே விட்டார்.

“அப்படியே இருக்கீங்க ஐயா. பேசுங்க.”

பேசினான். பல் இருந்த இடத்தில் காற்றுதான் வந்தது. பாதி வார்த்தை புரியவில்லை. டைரக்டர் மறுபடி பேசச் சொன்னார். பிறகு மெதுவாக, “பல்லை நாங்க மேக்கப்லயே மறைச்சிருப்போமே ஐயா” என்றார். வேஷம், பல் முழுசாக இருந்த ஒரு வாத்தியாருக்குப் போனது.

திரும்பும்போது வாயைக் கையால் மூடிக்கொண்டு கேட்டான். “இதுக்கு முன்னால நல்லாத்தானுங்களே பேசுனேன்?”

“நல்லாத்தான் பேசுனே அப்பா.”

பெரிய டாக்டரிடம் பல் செட் கட்டிக் கொடுத்தேன். எந்த முதலாளி செய்வான்? ஆனால் அது சாப்பாட்டுக்குத்தான் ஆயிற்று. பேசினால் விசிலடிக்கிறது.

இந்த வருஷம் கொடியேற்றத்தின்போது மொட்டை போடாமல் கடைசி வரிசையில் நின்றான். நான்தான் பேசினேன். நன்றாகவே பேசினேன். கை தட்டினார்கள். தட்டிக்கொண்டே எல்லோரும் திரும்பி அவனைப் பார்த்தார்கள். வாயை இறுக மூடியபடி அவனும் தட்டிக்கொண்டிருந்தான்.